போர், கலவரம், படுகொலை பத்தின ஆவணப்படங்கள்: திரும்பத் திரும்ப வர்ற கேள்விகள்

ஆவணப்படம் திரையிடுற ஒரு சின்னக் குழுல ரொம்ப வருஷமா இருக்கேன். படம் முடிஞ்சு லைட் போட்டதும் கொஞ்ச நேரம் யாரும் பேச மாட்டாங்க, அப்புறம் ஒருத்தர் கை தூக்குவார், அதுக்கப்புறம் வர்ற கேள்விகள் பெரும்பாலும் ஒண்ணுதான். அதையெல்லாம் கேட்டவங்க வார்த்தையிலயே கீழ போட்டிருக்கேன். மொதல்ல சாதாரண கேள்விகள், போகப் போக எனக்கே பதில் சொல்லக் கஷ்டமான கேள்விகள்.

நியூஸ்லயே எல்லாம் காட்டிட்டாங்களே, அப்புறம் எதுக்கு தனியா டாக்குமென்டரி?

நியூஸ் சம்பவம் நடக்கும்போது வரும், அடுத்த சம்பவம் நடந்ததும் கிளம்பிடும். ஆவணப்படம் எடுக்கறவங்க ஒண்ணு அதுக்கு முன்னாடியே அங்க இருப்பாங்க, இல்லன்னா எல்லாரும் போனதுக்கப்புறம் வருவாங்க. சிலில 1973 செப்டம்பர் 11 ராணுவப் புரட்சி நடந்தப்போ உலகமே அன்னைக்குத்தான் திரும்பிப் பார்த்துச்சு, ஆனா இயக்குநர் பத்ரிசியோ குஸ்மானும் அவர் கூட இருந்த நாலஞ்சு பேரும் அதுக்குப் பல மாசம் முன்னாடி இருந்தே தெருவுல, ஃபேக்டரில, கூட்டத்துல எல்லாம் கேமராவோட சுத்திக்கிட்டு இருந்தாங்க. அதனாலதான் 'பேட்டில் ஆஃப் சிலி' பார்க்கறவங்களுக்கு குண்டு விழுந்தது மட்டும் இல்லாம, அந்த நாள் எப்படி கொஞ்சம் கொஞ்சமா நெருங்கி வந்துச்சுன்னும் புரியுது.

இன்னொரு உதாரணம் வங்கதேசம். 1971 போர் சமயத்துல லியர் லெவின்னு ஒரு அமெரிக்கர், அகதி முகாம்கள்ல போய்ப் பாடின ஒரு பாட்டுக் குழுவைப் படம் பிடிச்சார். அந்த ரீல் எல்லாம் இருபது வருஷம் சும்மா கிடந்துச்சு. தாரெக் மசூத், கேத்தரின் மசூத் ரெண்டு பேரும் அதைத் தேடி எடுத்து 1995ல 'முக்திர் கான்' படமா ஆக்கினாங்க. போர் முடிஞ்சப்புறம் பிறந்த ஒரு தலைமுறை அந்தப் பாட்டை அப்பதான் கேட்டுச்சு.

எங்க இருந்து ஆரம்பிக்கறது? ஒன்பது மணி நேரப் படம்லாம் என்னால முடியாதுங்க

'நைட் அண்ட் ஃபாக்'ல ஆரம்பிங்க. அலென் ரெனே எடுத்தது, 32 நிமிஷம்தான், நாஜி முகாம்கள் பத்தி. வாய்ஸ் ஓவர் எழுதின ஜான் கெய்ரோல் முகாம்ல இருந்து உயிரோட திரும்பினவர். காலியான முகாம், வளந்து கிடக்குற புல்லு, கலர்ல. நடுநடுவுல கருப்பு வெள்ளைல அங்க நடந்தது. இந்த வகைப் படங்கள் மூச்சு விடுற விதம் அதுல பிடிபட்டுடும்.

அதுக்கப்புறம் இந்தோனேசியப் படுகொலை பத்தின 'தி லுக் ஆஃப் சைலன்ஸ்', அதைப் பத்தி கீழ சொல்றேன். ஒரே நாள்ல ரெண்டு படம் மட்டும் பார்க்காதீங்க, ரெண்டாவது படத்துல வர்றவங்களுக்குக் குடுக்க மனசுல எதுவும் மிச்சம் இருக்காது.

நடந்தப்போ யாருமே படம் பிடிக்கலன்னா என்னத்தக் காட்டுவாங்க?

பெரும்பாலான கொடுமைகளுக்கு புட்டேஜே கிடையாது, செய்யறவன் கேமராவை உள்ள விட மாட்டான். இந்த இல்லாமைய ஒவ்வொருத்தரும் ஒவ்வொரு மாதிரி கையாண்டிருக்காங்க. நாஜிகள் பண்ணின யூதப் படுகொலை பத்தின க்ளோட் லான்ஸ்மானோட 'ஷோவா' 1985ல வந்தது, ஒன்பதரை மணி நேரம் ஓடும், அதுல பழைய புட்டேஜ் ஒரு ஃப்ரேம் கூட இல்ல. தப்பிச்சவங்க, பக்கத்து ஊர்ல இருந்து பார்த்தவங்க, செஞ்சவங்கன்னு மனுஷங்க முகமும் இன்னைக்கு அந்த இடம் எப்படி இருக்குன்னும் மட்டும்தான்.

கம்போடியால க்மேர் ரூஜ்ங்கற கம்யூனிஸ்ட் இயக்கத்தோட ஆட்சில, அதாவது 1975 ஏப்ரல்ல இருந்து 1979 ஜனவரி வரைக்கும், கிட்டத்தட்ட 17 லட்சம் பேர் செத்தாங்க. இயக்குநர் ரித்தி பான் அப்போ சின்னப் பையன், குடும்பத்துல பெரும்பாலானவங்கள இழந்துட்டார். அந்த ஆட்சி விட்டுட்டுப் போன படம் எல்லாம் அவங்களோட பிரச்சாரப் படம். தன் வீட்டு ஆட்களோட படம் எங்கயும் இல்லன்னதும் களிமண்ல சின்னச் சின்ன பொம்மை செஞ்சு, பெயின்ட் அடிச்சு, அதை வெச்சே 'தி மிஸ்ஸிங் பிக்சர்' எடுத்தார். 2013ல வந்தது. பொம்மை அசையாது, வாய் திறக்காது. ஆனா அப்பாவுக்கு வெள்ளை கோட்டு சூட்டு போட்டு ஒரு பொம்மை வரும் பாருங்க, ஒரு மகன் கையால அப்பாவைத் திரும்பச் செய்யறத அதுக்கு மேல எப்படிக் காட்ட முடியும்னு எனக்குத் தெரியல.

'வால்ட்ஸ் வித் பஷீர்' அனிமேஷன். 1982ல லெபனான்ல இஸ்ரேல் சிப்பாயா இருந்த அரி ஃபோல்மானுக்கு அந்த நாட்களே ஞாபகத்துல இல்ல, அதைத் தேடிப் போறதுதான் படம். கடைசி ஒரு நிமிஷம் மட்டும் வரைஞ்ச படம் போய், பாலஸ்தீன அகதிகள் படுகொலை நடந்த சப்ரா, ஷத்திலா முகாம்ல எடுத்த நிஜ புட்டேஜ் வரும். அது வரைக்கும் கனவு மாதிரி பார்த்துக்கிட்டு இருந்தவங்க நிமிர்ந்து உட்கார்ந்துடுவாங்க.

நடிச்சுக் காட்டினா அது ஆவணப்படமே இல்லையே, பொய் தானே?

யார் நடிக்கறாங்க, நடிக்கறாங்கன்னு நமக்குச் சொல்றாங்களா, இந்த ரெண்டையும் பாருங்க. மறைச்சா பொய். சொல்லிட்டு செஞ்சா அது வேற விஷயம்.

ரித்தி பானோட இன்னொரு படம் 'எஸ்-21', 2003. க்மேர் ரூஜோட துவோல் ஸ்லெங் சிறைல காவலாளியா இருந்தவங்களை அதே கட்டடத்துக்குக் கூட்டிட்டு வர்றார். பள்ளிக்கூடமா இருந்து சிறை ஆன கட்டடம் அது. ஒருத்தன் கதவுகிட்ட போறான், பூட்டைத் திறக்கற மாதிரி கை போகுது, உள்ள போய் காலித் தரையைப் பார்த்து அதட்டுறான், உட்காருங்கறான், அடிப்பேங்கறான். இருபத்தஞ்சு வருஷம் கழிச்சும் அவன் உடம்புக்கு எல்லாம் அப்படியே ஞாபகம் இருக்கு. கவனிச்சுப் பார்த்தீங்கன்னா கேமரா கதவுக்கு வெளியவே நின்னுடும், அவன் பின்னாடி உள்ள போகாது. உள்ள போனா தரைல கிடக்கற கைதிங்களை மிதிச்ச மாதிரி ஆயிடும்ங்கறதுதான் இயக்குநரோட எண்ணம். ஆள் இல்லாத தரைக்கு அந்த மரியாதை. இதுல எங்க இருக்கு பொய்?

இலங்கை சம்பந்தமா ஒண்ணு, 'நோ மோர் டியர்ஸ் சிஸ்டர்', 2005. 1989 செப்டம்பர் 21ல யாழ்ப்பாணத்துல சுட்டுக் கொல்லப்பட்ட டாக்டர் ராஜனி திராணகம பத்தின படம். அதுல ராஜனியா வந்து நடந்து காட்டினது அவங்க மகள். அம்மா நடந்த மாதிரி மகள் நடந்தா அதை நடிப்புன்னு மட்டும் சொல்லிட்டுப் போக எனக்கு மனசு வராது.

கொலை பண்ணவனைப் பேச விடறது அவனுக்கு மேடை போட்டுக் குடுக்கற மாதிரி ஆகாதா?

ரொம்ப நியாயமான பயம். இந்தோனேசியால 1965-66ல கம்யூனிஸ்ட்னு முத்திரை குத்தி குறைஞ்சது 5 லட்சம் பேரைக் கொன்னாங்க, 10 லட்சம் இருக்கும்னும் சொல்றாங்க. செஞ்சவங்க தண்டனையே இல்லாம ஊர்ப் பெரிய மனுஷங்களா வாழ்ந்தாங்க. ஜோஷுவா ஒப்பன்ஹைமர் 'தி ஆக்ட் ஆஃப் கில்லிங்' படத்துல அவங்ககிட்டயே போய் நீங்க செஞ்சதை உங்களுக்குப் பிடிச்ச மாதிரி சினிமாவா எடுத்துக் காட்டுங்கன்னு சொன்னார். அவங்க பெருமையா செஞ்சு காட்டினாங்க. அந்தப் பெருமைதான் அங்க ஆதாரம், ஒரு நாடே கொலையைப் பெருமையா நினைக்கப் பழகிடுச்சுங்கறதுக்கு ஆதாரம். ஆனாலும் அந்தப் படத்துல செத்தவங்க குரல் எங்கன்னு கேட்டா எனக்கும் அதே கேள்வி இருக்கு.

அதுக்கு பதில் மாதிரி 2014ல வந்தது 'தி லுக் ஆஃப் சைலன்ஸ்'. ஆதின்னு ஒருத்தர், கண் பரிசோதனை பண்ணி கண்ணாடி போடறவர். அவரோட அண்ணனைக் கொன்னப்போ இவர் பிறக்கவே இல்ல. வயசான கொலைகாரங்க வீட்டுக்குப் போய், அவங்க மூக்குல டெஸ்ட் ஃப்ரேமை மாட்டி, ஒவ்வொரு லென்ஸா மாத்தி, இப்போ தெளிவா தெரியுதான்னு கேக்கறார், அப்படியே அமைதியா அந்த ராத்திரி பத்தியும் கேக்கறார். குரலே உயராது. கொன்னவனைப் பேச விடலாம், ஆனா எதிர்ல உட்கார்ந்து கேக்கறது யாருங்கறது முக்கியம்.

லான்ஸ்மான் இன்னொரு வழில போனார். ட்ரெப்லிங்காங்கற நாஜி கொலை முகாம்ல இருந்த, எஸ்எஸ்ங்கற நாஜிப் படையோட ஒரு ஆளை, பேரைச் சொல்ல மாட்டேன்னு வாக்கு குடுத்துட்டு ரகசிய கேமரால எடுத்தார், பேரையும் போட்டார். தப்பா சரியான்னு இன்னைக்கும் சண்டை போடறாங்க. என் கருத்து, அந்தப் பொய் இல்லன்னா அந்த விவரம் எல்லாம் மண்ணோட போயிருக்கும், அதனால ஒத்துக்கறேன். பாதிக்கப்பட்டவங்ககிட்ட இதே வேலையைப் பண்ணியிருந்தா ஒத்துக்க மாட்டேன்.

அழுது நிறுத்தறவரை விடாம பேச வைக்கறது கொடுமை இல்லையா?

'ஷோவா'ல வர்ற சவரக்கடை காட்சி பத்திதான் எப்பவும் இதைக் கேப்பாங்க. ஆப்ரஹாம் போம்பா ட்ரெப்லிங்கால, கேஸ் சேம்பருக்குப் போற பெண்களோட முடியை வெட்ட வைக்கப்பட்டவர். லான்ஸ்மான் இஸ்ரேல்ல ஒரு சவரக்கடையை வாடகைக்கு எடுத்து, அவர் கைல கத்தரிக்கோலைக் குடுத்து, ஒருத்தருக்கு முடி வெட்டிக்கிட்டே பேசச் சொல்றார். ரொம்ப நேரம் சாதாரணமாதான் சொல்லிக்கிட்டு வர்றார். கூட வேலை பார்த்த இன்னொரு சவரத் தொழிலாளியோட மனைவியும் தங்கச்சியும் உள்ள வந்த கதைக்கு வந்ததும் நின்னுடறார். கத்தரி மட்டும் ஓடுது, துண்டால முகத்தைத் துடைக்கறார், முடியாதுங்கறார். லான்ஸ்மான் சொல்லித்தான் ஆகணும்னு கெஞ்சறார். நிமிஷக்கணக்கா அந்த மௌனம், அப்புறம் சொல்றார்.

அந்த மௌனத்தை நான் பல தடவை பார்த்திருக்கேன், ஒவ்வொரு தடவையும் லான்ஸ்மான் மேல கோவம் வருது, ஒவ்வொரு தடவையும் போம்பா சொல்லி முடிச்சதுக்கு மனசுக்குள்ள நன்றி சொல்றேன். ரெண்டும் உண்மை. ஆனா ஒண்ணு, அது லான்ஸ்மான் பல வருஷம் போட்டு எடுத்த படம், எதைப் பேசப் போறோம்னு தெரிஞ்சுதான் போம்பா அங்க நின்னார். நேத்து சந்திச்ச ஒருத்தர்கிட்ட இன்னைக்கு கேமராவை நீட்டி இதே மாதிரி அழுத்தினா அது திருட்டு. நிறுத்துன்னு சொன்னா நிறுத்தணும், நிறுத்தலாம்னு மொதல்லயே சொல்லி வெச்சிருக்கணும், பேட்டி முடிஞ்சதும் கிட்ட ஒரு ஆள் இருக்கணும், எடிட் பண்ணினதை அவங்களுக்குப் போட்டுக் காட்டணும்.

சம்மதம்னா ஒரு ஃபார்ம்ல கையெழுத்து வாங்கறது தானே?

கையெழுத்து போட்ட அன்னைக்கு இருந்த ஆபத்து வேற, படம் வெளிய வர்ற அன்னைக்கு இருக்கற ஆபத்து வேற. ஆட்சி மாறும், பக்கத்து வீட்டுக்காரர் மாறுவார், பத்து வருஷம் கழிச்சு அந்த ஒரு நிமிஷத்தை மட்டும் வெட்டி யாரோ ஃபார்வேர்ட் பண்ணுவாங்க. அதனால ஷூட்டிங் முன்னாடி ஒரு தடவை, எடிட் முடிஞ்சப்புறம் ஒரு தடவை, வெளியிடறதுக்கு முன்னாடி ஒரு தடவைன்னு கேட்டுக்கிட்டே இருக்கணும், எந்தக் கட்டத்துலயும் வேண்டாம்னு சொல்ல அவங்களுக்கு உரிமை இருக்கணும்.

'தி ஆக்ட் ஆஃப் கில்லிங்' முடியும்போது பேர்ப் பட்டியலை எழுந்து போகாம படிங்க. பெயர் தெரிவிக்காதவர், பெயர் தெரிவிக்காதவர்னு ஒண்ணு மாத்தி ஒண்ணா ஓடும், கூட இயக்கினவர் உட்பட. அவ்வளவு பேர் அந்த நாட்டுக்குள்ள இருந்துக்கிட்டே உழைச்சிருக்காங்க. ஆதியோட குடும்பம் படத்துக்காக ஊரை விட்டே வேற இடத்துக்குக் குடி போச்சு. கண்ணாடி மாட்டுற அந்தக் காட்சிக்குப் பின்னாடி இவ்வளவு இருக்கு.

பிணத்தை எல்லாம் காட்டணுமா? பார்க்கவே முடியல

'நைட் அண்ட் ஃபாக்' காட்டுது, 'ஷோவா' ஒண்ணு கூட காட்டல. ரெண்டுமே யோசிச்சு எடுத்த முடிவு. நான் கேக்கறது, அந்தக் காட்சியை எடுத்தது யாரு. விடுவிக்க வந்தவங்க எடுத்தது ஒரு வகை. கொன்னவனே கொண்டாட்டமா எடுத்தது வேற வகை, அதை ஒவ்வொரு தடவை ஓட்டும்போதும் செத்தவங்களை இன்னொரு தடவை அவன் கண்ணால பார்க்கறோம்.

ஆனா அதையும் அழிச்சிட முடியாது. 1995ல போஸ்னியாவோட ஸ்ரெப்ரெனிட்சால பிடிபட்ட ஆறு பேரை ஸ்கார்ப்பியன்ஸ்ங்கற செர்பிய ஆயுதக்குழு கொன்னுச்சு, அதை அந்தக் குழு ஆளே வீடியோ எடுத்தான். பத்து வருஷம் கழிச்சு, 2005 ஜூன்ல, ஹேக் நீதிமன்றத்துல செர்பியாவோட முன்னாள் அதிபர் மிலோசெவிச் வழக்குல அது ஓடுச்சு, டிவிலயும் வந்துச்சு. தன் பிள்ளை என்ன ஆனான்னே தெரியாம இருந்த ஒரு அம்மா டிவியில பார்த்துதான் கண்டுபிடிச்சாங்க. அந்த வீடியோதான் ஆளுங்களைக் கைது பண்ணவும் வெச்சுது. அதே அம்மாவுக்கு யாராவது முன்னாடியே வந்து சொல்லியிருக்கலாமேன்னு நான் இன்னும் நினைச்சுக்கறேன். காட்டறதுக்கு முன்னாடி குடும்பத்தைத் தேடிச் சொல்றதும் எடுக்கறவங்க வேலைல ஒரு பகுதி.

படத்துல வர்றது கோர்ட்ல ஆதாரமா நிக்குமா?

நின்னிருக்கு. நாஜி தலைவர்கள் மேல நடந்த நியூரெம்பர்க் விசாரணைல 1945 நவம்பர் 29ல முகாம்கள் பத்தின படத்தைத் திரை கட்டி ஓட்டினாங்க. படத்தோட தொடக்கத்துலயே, இதுல எதையும் மாத்தலன்னு எடுத்தவங்க சத்தியம் பண்ணிக் குடுத்த வாக்குமூலம் வரும். கோர்ட்டுக்கு காட்சி எவ்வளவு உருக்கமா இருக்குங்கறது பெரிசில்ல, யார் எடுத்தது, எப்போ, யார் கையில இருந்துச்சுங்கறதுதான் பெரிசு.

குவாத்தமாலா கதையை நான் எல்லார்கிட்டயும் சொல்வேன். பமேலா யேட்ஸ் 1982ல அங்க படம் எடுக்கும்போது அப்போதைய ராணுவ ஆட்சியாளர் ரியோஸ் மொன்ட்டை பேட்டி எடுத்தார். ராணுவத்தைக் கட்டுப்படுத்த முடியலன்னா நான் இங்க என்ன பண்ணிக்கிட்டு இருக்கேன்ங்கற அர்த்தத்துல ஒரு வரி சொன்னார். அது படத்துல சேரல, வெட்டின துண்டுகளோட பெட்டில கிடந்துச்சு. முப்பது வருஷம் கழிச்சு இனப்படுகொலை வழக்குல, எனக்குத் தெரியாம நடந்துச்சுன்னு தப்பிக்க முடியாதபடி அந்த வரி வந்து நின்னுச்சு. 2013 மே மாசம் 80 வருஷத் தண்டனை, பத்தே நாள்ல மேல் நீதிமன்றம் அதை ரத்து பண்ணிடுச்சு. இருந்தாலும் பழங்குடிப் பெண்கள் கோர்ட்ல நின்னு சொன்ன சாட்சியை யாரும் ரத்து பண்ண முடியல. படம் எடுக்கறவங்ககிட்ட நான் கெஞ்சிக் கேக்கறது, எடிட்ல போனதைத் தூக்கிப் போடாதீங்க.

என் போன்லயே ஒரு சம்பவம் ரெக்கார்ட் ஆயிருக்கு, இப்போ என்ன பண்ணணும்?

ஒரிஜினல் ஃபைலைத் தொடாதீங்க. வெட்டாதீங்க, பாட்டு சேர்க்காதீங்க, அம்புக்குறி போடாதீங்க. வாட்ஸ்அப்ல வீடியோவா அனுப்பினா அது அமுங்கி, எடுத்த நேரம் இடம் மாதிரி உள்ள இருக்கற விவரம் எல்லாம் போயிடும், அதனால அது ஒரிஜினல் ஆகாது. ஃபைலை அப்படியே ரெண்டு வேற வேற இடத்துல காப்பி பண்ணி வைங்க. எங்க நின்னு எடுத்தீங்க, எத்தனை மணி, கூட யார் இருந்தாங்க, ஃப்ரேமுக்கு வெளிய என்ன நடந்துச்சு, எல்லாத்தையும் அன்னைக்கே எழுதி வைங்க, நாலு நாள் கழிச்சு ஞாபகம் தானா திருத்திக்கும்.

இன்னும் எடுத்துக்கிட்டு இருக்கற நிலைமைன்னா மெதுவா ஒரு சுத்து திருப்புங்க, கட்டடம், போர்டு, மலை, கோபுரம் ஏதாவது அடையாளம் தெரியணும். அப்புறம் ஆன்லைன்ல போடறதுக்கு முன்னாடி அதுல யார் யார் முகம் தெரியுதுன்னு ஒவ்வொண்ணா பாருங்க. டிஜிட்டல் ஆதாரத்தை எப்படிக் கையாளணும்னு 2020ல ஐநா மனித உரிமை அலுவலகமும் அமெரிக்காவோட பெர்க்லி பல்கலைக்கழக மனித உரிமை மையமும் சேர்ந்து வெளியிட்ட பெர்க்லி நெறிமுறைன்னு ஒண்ணு இருக்கு, முடிஞ்சா படிங்க.

ஏஐ வந்துடுச்சு, இனிமே எந்த வீடியோவை யார் நம்புவா?

இந்த சந்தேகம் ஏஐ வர்றதுக்கு ரொம்ப முன்னாடியே இருந்துச்சு. 1945ல பிரிட்டன்ல நாஜி முகாம் புட்டேஜை வெச்சு ஒரு படம் பண்ணினப்போ ஆலோசனை சொல்ல சினிமா இயக்குநர் ஹிட்ச்காக் வந்தார். கட் பண்ணாம நீளமான ஷாட்டா வைங்க, பக்கத்து ஊர் ஆட்களும் பிணமும் ஒரே ஷாட்ல தெரியணும், இல்லன்னா நாளைக்கு ஏமாத்து வேலைன்னு சொல்லிடுவாங்கன்னார். அரசியல் காரணத்தால அந்தப் படத்தைக் கிடப்புல போட்டாங்க, 2014லதான் லண்டன் போர் அருங்காட்சியகம் முடிச்சு வெளியிட்டுச்சு.

இலங்கைல 2009 போரோட கடைசி மாதங்கள்ல எடுத்ததா சொல்லப்பட்ட, கட்டி வெச்ச ஆட்களைச் சுடற ஒரு வீடியோ வெளிய வந்தப்போ அரசாங்கம் போலின்னு சொல்லிடுச்சு. ஐநா சிறப்பு அறிக்கையாளர் ஃபிலிப் ஆல்ஸ்டன் தனி நிபுணர்களை வெச்சு வீடியோ, துப்பாக்கி, உடல் அசைவுன்னு தனித்தனியா பரிசோதிச்சு, நிஜம்னுதான் தெரியுதுன்னு 2010 ஜனவரில சொன்னார். இனிமேலும் வழி அதுதான், ஒரே வீடியோவை நம்பாம அதே சம்பவத்தோட வேற கோணம், செயற்கைக்கோள் படம், நேர்ல பார்த்தவங்க பேச்சு எல்லாத்தையும் ஒண்ணோட ஒண்ணு ஒட்டிப் பார்க்கணும். எனக்குப் பெரிய கவலை போலி வீடியோ நிஜம்னு நம்பறதை விட, நிஜ வீடியோவைப் பார்த்து இது ஏஐ தானேன்னு தோளைக் குலுக்கிட்டுப் போறதுதான்.

ரெண்டு பக்கமும் காட்டலன்னா அது பிரச்சாரம் தானே?

ஒருத்தரோட கண்ணீர்ல இருந்து ஒரு படம் தொடங்கினா அது பிரச்சாரம் ஆகிடாது. குண்டு போட்டவனுக்கும் விழுந்தவனுக்கும் ஆளுக்கு அஞ்சு நிமிஷம்னு ஸ்டாப்வாட்ச் வெச்சுக் குடுத்தா நியாயமும் வந்துடாது. நான் வைக்கற சோதனை, தன் பக்கத்துக்கு வலிக்கற ஒண்ணையாவது இந்தப் படம் மறைக்காம வெச்சிருக்கா. பிரான்ஸ்ல மார்செல் ஓஃபுல்ஸ் எடுத்த 'தி சாரோ அண்ட் த பிட்டி' அப்படி ஒரு படம், நாஜி ஆக்கிரமிப்புல எல்லாரும் எதிர்த்துப் போராடினோம்னு நம்பிக்கிட்டு இருந்த நாட்டுக்கு, ஒத்துப் போனவங்களும் நம்மள்ல இருந்தாங்கன்னு ஒரே ஊர் ஆட்களைப் பேச வெச்சுக் காட்டுச்சு.

நம்ம ஆட்கள் கூட்டத்துல இது சூடான கேள்வி, அதனால நேராவே சொல்றேன். இலங்கைப் போரோட கடைசிக் கட்டத்துல 40,000 பொதுமக்கள் வரைக்கும் செத்திருக்கலாம்னு ஐநா நிபுணர் குழு 2011ல சொன்னது. அதைப் பேசற 'நோ ஃபயர் ஸோன்' படத்தை 2013ல கோலாலம்பூர்ல திரையிட்டதுக்காக ஒரு மனித உரிமைப் பணியாளர் மேல வழக்கு போட்டு 2017ல 10,000 ரிங்கிட் அபராதம் விதிச்சாங்க. அதே 2017ல ஜூட் ரட்ணம் எடுத்த 'டீமன்ஸ் இன் பாரடைஸ்' கான்ஸ்ல ஓடுச்சு, தமிழ் இயக்கங்களுக்குள்ளயே நடந்த கொலைகளையும் பேசற படம், எதிர்ப்பு வந்து யாழ்ப்பாண திரைப்பட விழால இருந்து அதை எடுத்துட்டாங்க. எங்க குழுல ரெண்டையும் போடணும்னுதான் நான் நிக்கறேன். ரெண்டும் ஒரே எடைன்னு சொல்லல. ஆனா ஒரு அம்மா தன் பிள்ளை எங்கன்னு கேக்கும்போது, கூட்டிட்டுப் போனது எந்தச் சீருடைன்னு பார்த்துட்டுத்தான் காது குடுப்பேன்னு நான் சொல்ல முடியாது.

எடுத்தவங்களுக்கு என்ன ஆச்சுன்னு யாராவது பேசறாங்களா?

குறைவாதான் பேசறோம். 1973 ஜூன் 29ல சாந்தியாகோல லெயொனார்டோ ஹென்ரிக்சன்ங்கற கேமராமேன், தன்னைக் குறி வெச்ச சிப்பாயையே படம் பிடிச்சுக்கிட்டு இருந்தப்போ சுடப்பட்டார், ஃப்ரேம் ஆடி சரியற வரைக்கும் ரீல்ல இருக்கு. 'பேட்டில் ஆஃப் சிலி' மொதல் பாகம் அதோடதான் முடியும். அந்தப் படத்தை எடுத்த கேமராமேன் ஹோர்ஹே முல்லரை 1974 நவம்பர்ல பிடிச்சுட்டுப் போனாங்க, இன்னைக்கு வரைக்கும் காணோம். வங்கதேசத்துல 1971லயே 'ஸ்டாப் ஜெனோசைட்' எடுத்த ஜாஹிர் ரைஹான், நாடு விடுதலை ஆனப்புறம், காணாமப் போன அண்ணனைத் தேடி 1972 ஜனவரி 30ல போனவர், திரும்பல.

தடை பண்ணிட்டா அவ்வளவுதானே, யார் பார்க்கப் போறாங்க?

பாதை சுத்திப் போகும், ஆனா போகும். குஸ்மானோட ரீல் எல்லாம் ஸ்வீடன் தூதரக உதவியோட கப்பல்ல நாட்டை விட்டு வெளிய போய், கியூபால எடிட் ஆச்சு. 'தி சாரோ அண்ட் த பிட்டி' 1969ல டிவிக்காக எடுத்தது, பிரெஞ்சு டிவில வந்தது 1981ல. 'நைட் அண்ட் ஃபாக்'ல ஒரே ஒரு ஃபோட்டோல, முகாமைக் காவல் காக்கற பிரெஞ்சு போலீஸ்காரரோட தொப்பி தெரிஞ்சுது, அதை மறைச்சாதான் அனுமதின்னு சென்சார் சொல்லி, மறைச்சாங்க. ஒரு தொப்பிக்கு ஒரு அரசாங்கம் எவ்வளவு பயந்திருக்கு பாருங்க. இப்போ ஓடற பிரதில தொப்பி திரும்ப வந்துடுச்சு. இந்தியால குஜராத் 2002 பத்தின 'ஃபைனல் சொல்யூஷன்' படத்துக்கு 2004ல சென்சார் தடை போட்டப்போ, இயக்குநர் ராகேஷ் சர்மாவே காப்பி எடுத்து ஆளாளுக்குக் குடுங்கன்னு சிடிய விட்டார். அதே வருஷம் தடையும் போச்சு.

பழசைக் கிளறாம விட்டா தானா ஆறிடாதா?

இதைக் கேக்கறவங்க பெரும்பாலும் நல்ல மனசோடதான் கேக்கறாங்க, அதனால கோவப்பட மாட்டேன். ஆனா யாருக்கு ஆறணும்னு கேப்பேன். குஸ்மான் 2010ல எடுத்த 'நாஸ்டால்ஜியா ஃபார் த லைட்' படத்துல அட்டகாமா பாலைவனம் வரும். மேல பெரிய டெலஸ்கோப் வெச்சு நட்சத்திரம் பார்க்கறாங்க, கீழ வயசான பெண்கள் சின்ன மண்வெட்டியோட மணலைக் கிளறிக்கிட்டு இருக்காங்க, காணாமப் போன புருஷன், தம்பியோட எலும்புத் துண்டாவது கிடைக்குமான்னு. அவங்க எதையும் புதுசா கிளறல, அவங்களுக்கு இன்னும் முடியவே இல்ல.

அதே குஸ்மான் பல வருஷம் கழிச்சு நாட்டுக்குத் திரும்பி, தன் பழைய படத்தை அதைப் பார்த்தே இராத காலேஜ் பசங்களுக்குப் போட்டுக் காட்டினார். படம் முடிஞ்சதும் அந்தப் பிள்ளைங்க பேச முடியாம அழறதும் 1997ல இன்னொரு படமா வந்துச்சு. புரட்சி சமயத்துல ரொம்பச் சின்னவங்களா இருந்தவங்க, இல்லன்னா பிறக்கவே இல்லாதவங்க அவங்க. ஆறிப்போச்சுன்னு வீட்ல சொல்லி வளத்த காயம் அது.

எங்க வீட்லயே இதெல்லாம் பார்த்தவங்க இருக்காங்க, ஆனா பேச மாட்டேங்கறாங்க. எப்படி ரெக்கார்ட் பண்றது?

சம்பவத்துல ஆரம்பிக்காதீங்க. அதுக்கு முன்னாடி வீடு எப்படி இருந்துச்சு, வாசல் எந்தப் பக்கம், காலைல மொதல்ல எந்திரிக்கறது யாரு, இந்த மாதிரி கேளுங்க. போம்பாவுக்கு கத்தரிக்கோல் மாதிரி கைக்குப் பழகின வேலை ஏதாவது செஞ்சுக்கிட்டே பேசினா சிலருக்கு சுலபமா இருக்கும், ஆனா முடியாதுன்னு சொன்னா அன்னைக்கு அதோட விட்டுடுங்க, சம்மதம் பத்தி மேல எழுதினது பெத்தவங்களுக்கும் தாத்தா பாட்டிக்கும் சேர்த்துத்தான். வீடியோ வேண்டாம்னா குரல் மட்டும் போதும். ஃபேன் சத்தம், டிவி சத்தம் இல்லாத அறையா பாருங்க, போனை மேசை மேல வெச்சுட்டு அதைப் பார்க்காதீங்க, அவங்களைப் பாருங்க. வருஷம் தப்பா சொன்னா நடுவுல திருத்தாதீங்க, அது அப்புறம் சரிபார்த்துக்கலாம்.

பேச்சு நின்னாலும் உடனே அடுத்த கேள்விக்குத் தாவாதீங்க. என் அனுபவத்துல முக்கியமான வார்த்தை அந்த இடைவெளிக்கு அந்தப் பக்கம்தான் இருந்திருக்கு. முடிஞ்சுதுன்னு அவங்க சொன்னப்புறமும் ரெக்கார்டரை ஒரு அஞ்சு நிமிஷம் ஓட விடுங்க, பக்கத்துலயே உட்கார்ந்திருங்க. அப்புறம் ஃபைலுக்கு அவங்க பேர், தேதி, இடம், கேட்டது யாருன்னு எல்லாம் சேர்த்துப் பேர் வெச்சு, ஒரு காப்பி அவங்ககிட்டயே குடுத்துடுங்க.